மேற்குக் கதவின் அளவை

மேற்குப் பார்த்த கதவுக்குத் திரை அளக்கப் புகுபவர், அளவு நாடாவை விரிக்கும் முன் ஞாயிற்றின் போக்கை அறிந்திருக்க வேண்டும். கதவின் அகலமும் உயரமும் சுவரில் நிலைத்து நிற்பவை. திரை தடுக்க வேண்டிய வெயிலோ நாள்தோறும் இடம் மாறுகிறது. மணிதோறும் சாய்வு மாறுகிறது. அகல உயரங்களை மட்டும் குறித்துக்கொண்டு கடைக்குச் செல்பவர் கதவுக்குப் பொருந்தும் துணியோடு திரும்பி வரலாம். அது வெயிலையும் தடுக்கும் என்பதற்கு அந்த இரண்டு எண்களில் எந்த உறுதியும் இல்லை.

சோழிங்கநல்லூருக்கும் மேடவாக்கத்துக்கும் இடையே உள்ள பெரும்பாக்கத்தில் இதன் பொருள் வெளிப்படையாகத் தெரியும். அருகே, 2022ஆம் ஆண்டில் ராம்சர் பட்டியலில் இடம்பெற்ற பள்ளிக்கரணைச் சதுப்புநிலம். ஊருக்குள் தமிழ்நாடு நகர்ப்புற வாழ்விட மேம்பாட்டு வாரியத்தின் எட்டு அடுக்குக் குடியிருப்புகள். அவற்றைச் சுற்றித் தனியார் அடுக்ககங்கள். நான்காம் மாடிக்கு மேல் மரநிழல் எட்டுவதில்லை. சித்திரை, வைகாசித் திங்களில் மேற்கு நோக்கிய வீடுகள் பிற்பகல் முழுவதும் வெயிலை நேரே வாங்குகின்றன. அவ்வீடுகளில் பகலில் தங்குவோர் முதியோரும் குழந்தைகளும் ஆவர். ஒரு திரையைச் செவ்வையாக அளப்பது அவர்களுக்குச் செய்யும் நேரிய உதவி என்றே கருதுகிறேன்.

பெரும்பாக்கம் நிலநடுக்கோட்டுக்கு வடக்கே ஏறத்தாழ 12.9 பாகையில் அமைந்துள்ளது. கடகக் கோட்டுக்குத் தெற்கே உள்ள எல்லா இந்திய ஊர்களையும் போல இங்கும் ஞாயிறு ஆண்டுக்கு இருமுறை தலைக்கு நேர் மேலே வருகிறது. ஏப்ரல் 24ஐ ஒட்டி ஒருமுறை, ஆகஸ்ட் 18ஐ ஒட்டி மறுமுறை. இடைப்பட்ட நான்கு திங்களும் நண்பகல் ஞாயிறு உச்சிக்குச் சற்று வடக்கே நிற்கும். வடக்குச் சன்னலில் வெயில் படாது என்னும் நம்பிக்கை, கடகக் கோட்டுக்கு வெகு வடக்கே உள்ள நாடுகளுக்கு உரியது. பெரும்பாக்கத்தின் வடக்குச் சன்னல்கள் ஆனித் திங்களில் காலையும் மாலையும் சாய்வெயிலைப் பெறுகின்றன.

மேற்கு என்பதும் ஒரே புள்ளியன்று. ஜூன் 21ஐ ஒட்டி ஞாயிறு மறையும் இடம் நேர் மேற்கிலிருந்து 24 பாகை வடக்கே விலகியிருக்கும். டிசம்பர் 21ஐ ஒட்டி அதே 24 பாகை தெற்கே விலகியிருக்கும். ஆக, ஓராண்டில் மாலைக்கதிர் 48 பாகை அகலத்துக்கு ஊசலாடுகிறது. திரைக்கும் நிலைக்கும் இடையே விடப்படும் சிறு சந்து ஒரு திங்களில் கருத்தில் படாமலும், மற்றொரு திங்களில் படுக்கையின் குறுக்கே ஒளிக்கீற்றாக விழுந்தும் இருப்பதற்கு இந்த ஊசலே காரணம்.

இனி நிழல்தட்டைப் பார்ப்போம். கொத்தனார்கள் சன்ஷேடு என்று சொல்லும் அந்தப் பலகம் சுவரிலிருந்து 60 சென்டிமீட்டர் நீண்டிருப்பதாகவும், கதவின் தலைமட்டத்திலேயே அமைந்திருப்பதாகவும் கொள்வோம். கதிர் சுவருக்கு நேர் எதிரே வரும்போது, அதன் ஏற்றக் கோணத்தின் தொடுகோட்டு மதிப்பை 60ஆல் பெருக்கினால் நிழல் எவ்வளவு கீழிறங்கும் என்பது கிடைக்கும். 210 சென்டிமீட்டர் உயரமுள்ள கதவை அந்நிழல் முழுவதும் மூட வேண்டுமானால் ஞாயிறு 74 பாகைக்கு மேல் நிற்க வேண்டும். ஏப்ரல் 24ஐ ஒட்டிய நாளில் பெரும்பாக்கத்தின் உண்மையான நண்பகல் 12 மணி 7 நிமிட அளவில் நிகழ்கிறது. இந்தியப் பொதுநேரம் நமக்குக் கிழக்கே உள்ள 82.5 பாகை நெடுவரையைக் கொண்டு அமைந்தமையால் இந்தச் சிறு தாமதம். ஒன்றேகால் மணிக்கே ஞாயிறு 74 பாகைக்கு இறங்கிவிடும். அப்போதே கதவின் அடியில் வெயில் தொட்டுவிடும். நாலேகால் மணிக்கு ஏற்றம் 30 பாகை. நிழல் 35 சென்டிமீட்டர்தான். எஞ்சிய 175 சென்டிமீட்டர் உயரமும் வெயிலில் நிற்கும்.

வெயிலில் நிற்பதன் அளவு என்ன? கதிருக்கு நேர் எதிராகப் பிடித்த ஒரு சதுர மீட்டர் பரப்பில் அந்நேரம் 700 வாட் விழுவதாகக் கொண்டால், செங்குத்தான சுவரில் அது 606 வாட் ஆகிறது. கதவின் அகலம் 90 சென்டிமீட்டர் எனில், வெயில் படும் பரப்பு ஏறத்தாழ 1.6 சதுர மீட்டர். அதன்மேல் விழுவது 950 வாட். கண்ணாடிக் கதவாயின் அதில் ஐந்தில் நான்கு பங்கு உள்ளே புகும். அறையின் நடுவே 750 வாட் மின்தேய்ப்புப் பெட்டியை மாலை முழுவதும் அணைக்காமல் வைப்பதும் இதுவும் ஒன்றே.

கட்டடக்கலையில் நிழலையும் நூல்கயிற்றையும் இணைத்து அளக்கும் வழக்கம் தமிழுக்குப் புதிதன்று. பத்துப்பாட்டில் ஒன்றாகிய நெடுநல்வாடையில் நக்கீரர், அரண்மனைக்கு மனை வகுத்த காட்சியை விரிக்கிறார். இரண்டு கோல்களை நட்டு, அவற்றின் நிழல் எப்பக்கமும் சாயாத நண்பகற் பொழுதைத் தேர்ந்து, நூலறிந்தோர் கயிறு பிடித்துத் திசை குறித்தனர் என்பது அதன் செய்தி. உரையாசிரியர் மரபு அந்நாளைச் சித்திரைத் திங்களில் வைத்துப் பொருள் காண்கிறது. ஏப்ரல் 24 என்று மேலே கண்டதும் சித்திரையின் நடுப்பகுதியை ஒட்டிய நாளே. வாயிலின் உயரத்துக்கும் அப்பாட்டில் ஓர் அளவுகோல் உண்டு: வெற்றிக்கொடி ஏந்தி வரும் யானை தடையின்றி நுழைய வேண்டும். இரட்டைக் கதவுகளின் இடையே சந்து தோன்றாதவாறு கைதேர்ந்த தச்சன் முடுக்கிப் பொருத்தியதையும் புலவர் விடாமல் குறித்துள்ளார். கடந்து செல்லும் பொருளைக் கொண்டு திறப்பையும், தடுக்க வேண்டிய பொருளைக் கொண்டு சந்தையும் அளப்பது அன்றே தெளிவாக இருந்தது. அந்நூலை ஆய்வதற்குரிய செம்மொழித் தமிழாய்வு மத்திய நிறுவனத்தின் கட்டடம் 2022 சனவரியில் திறக்கப்பட்டது. அது இந்தப் பெரும்பாக்கத்திலேயே உள்ளது.

திரையை எங்கே தொங்கவிடுவது, கண்ணாடிக்கு உள்ளேயா வெளியேயா? அளக்கும் முன் முடிவு செய்ய வேண்டியது இது. பெரும்பாலோர் கேட்காமல் விடுவதும் இதுவே. ஞாயிற்றின் மேற்பரப்பு ஏறத்தாழ 5,800 கெல்வின் வெப்பநிலையில் உள்ளது. அதன் ஒளியின் உச்சம் அரை மைக்ரோமீட்டர் அலைநீளத்தை ஒட்டி அமைகிறது. கண்ணாடி அதைத் தாராளமாக உள்ளே விடுகிறது. உள்ளே தொங்கும் திரை அவ்வொளியை உறிஞ்சிச் சூடேறித் தானும் வெப்பக்கதிரை வீசும். அக்கதிரின் உச்சம் 10 மைக்ரோமீட்டரை ஒட்டியது. அந்த அலைநீளத்துக்குக் கண்ணாடி சுவர் போன்றே தடையாகும். வந்த வெப்பம் வெளியேற வழியின்றி அறைக்காற்றில் கலக்கிறது. ஆதலால் உட்புறத் திரை கண்ணைக் கூசாமல் காக்கும். வெப்பத்தை ஓரளவே தடுக்கும். அதிலும் வெண்ணிறத் திரை ஒளியை ஒளியாகவே திருப்பி அனுப்புவதால் கருநிறத் திரையைவிட மேலானது. வெளிப்புறத் திரையில் சூடேறும் பரப்பே வீட்டுக்கு வெளியே இருக்கிறது. அந்த வெப்பத்தைக் காற்று கொண்டுபோய்விடும். நம் முன்னோர் தாழ்வாரத்துக்கு வெளியே மூங்கில் தட்டியைத் தொங்கவிட்டதன் அறிவியல் இதுதான்.

வெட்டிவேர்த் தட்டி ஒரு படி மேலே செல்கிறது. ஒரு லிட்டர் நீர் ஆவியாவதற்கு ஏறத்தாழ 24.3 இலட்சம் ஜூல் வெப்பம் வேண்டும். தட்டியிலிருந்து மணிக்கு ஒரு லிட்டர் ஆவியானால், அது காற்றிலிருந்து 675 வாட் வெப்பத்தை நீக்குகிறது. கண்ணாடி வழியே புகும் என்று கண்ட 750 வாட்டுக்கு இது பெரிதும் நெருங்கிய எண். ஆயினும் பெரும்பாக்கம் கடலுக்கு அண்மையில் இருப்பதை மறத்தலாகாது. கத்திரி வெயிலில் உலர்ந்த மேல்காற்று வீசும் முற்பகலிலும் நண்பகலிலும் வெட்டிவேர் நன்கு பணிபுரியும். கிழக்கிலிருந்து ஈரமான கடற்காற்று புகுந்த பின் நீர் ஆவியாவது தளர்ந்துவிடும். மேற்குத் தட்டியின் ஊடே காற்று உள்ளே வருவதும் நின்றுவிடும். அதன்பின் வெட்டிவேர் நறுமணம் தரும் நிழலாக மட்டும் எஞ்சும்.

குடியிருப்புகளுக்கென 2018இல் இந்திய அரசு வெளியிட்ட எக்கோ நிவாஸ் சம்ஹிதா என்னும் நெறிநூல், கூரை நீங்கலான வெளிச்சுவர்களின் வழியே வரும் வெப்பத்தை ஒரு சதுர மீட்டருக்கு 15 வாட்டுக்கு மேற்படாமல் வரையறுக்கிறது. அக்கணக்கில் நிழல்தட்டும் ஒரு காரணியாக நுழைகிறது. முகப்பின் அழகுக்காக நிழல்தட்டை அறவே நீக்கும் கட்டட அமைப்பு, தன் சுமையைக் குடிவருவோர் தலையில் இறக்கி வைக்கிறது. இதை நான் தவறென்றே சொல்வேன்.

இனி நாடாவுக்கு வருவோம்.

எஃகு நாடாவின் நுனிக் கொக்கி சற்றே முன்னும் பின்னும் ஆடும். அதைப் பழுதென்று எண்ணிச் சுத்தியால் தட்டி இறுக்கிவிடுவோர் உண்டு. அந்த ஆட்டம் கொக்கித் தகட்டின் கனத்துக்குச் சரியாக அமைந்தது. பலகையின் விளிம்பில் மாட்டி இழுக்கும்போது கொக்கி வெளியே நகர்கிறது. நிலையின் உட்பக்கத்தில் வைத்து அழுத்தும்போது உள்ளே நகர்கிறது. இரண்டு நிலையிலும் சுழி சரியான இடத்தில் நிற்கிறது. இறுக்கிவிட்ட நாடா இரண்டில் ஒன்றில் எப்போதும் பொய் சொல்லும்.

அளப்பவர்கள் அஞ்ச வேண்டாத பிழைகளுக்கு அஞ்சுகிறார்கள். இரண்டு மீட்டர் நீள நாடா நடுவே 20 மில்லிமீட்டர் தொய்ந்தால் வரும் பிழை அரை மில்லிமீட்டர்தான். அதன் ஒரு முனை நேர்கோட்டிலிருந்து 20 மில்லிமீட்டர் விலகினால் வரும் பிழை மில்லிமீட்டரில் பத்தில் ஒரு பங்கு. வெப்பநிலை 15 பாகை உயர்ந்தால் எஃகு நீள்வது 0.35 மில்லிமீட்டர். தொய்வாலும் விலகலாலும் எழும் பிழை அவற்றின் இருபடியைப் பொறுத்தது. தொய்வு பாதியானால் பிழை கால்பங்காகிவிடும். ஆகவே இவற்றை மன்னிக்கலாம். மன்னிக்கக் கூடாதது சுவரின் கோணல். பூச்சு ஓரிடத்தில் ஐந்து மில்லிமீட்டர் தடித்திருந்தால் திறப்பில் அந்த ஐந்து மில்லிமீட்டரும் முழுமையாகக் குறையும். அதைக் குறைத்துக்காட்ட எந்த இருபடியும் வராது.

எனவே அகலத்தை மேலே, நடுவே, கீழே என மூன்று இடங்களில் எடுக்க வேண்டும். நம் பகுதியில் இது இன்றும் அங்குலத்திலும் நூலிலும் நடக்கிறது. அங்குலத்தில் எட்டில் ஒரு பங்கு நூல், 3.2 மில்லிமீட்டருக்குச் சற்றுக் குறைவு. ஏணிமேல் நிற்பவர் கீழே எழுதிக்கொள்ளும் இளைஞனிடம், “தம்பி, மேல முப்பத்தஞ்சரை, கீழ முப்பத்தஞ்சே காலும் ஒரு நூலும்” என்பார். முதலது 902 மில்லிமீட்டர், அடுத்தது 898 மில்லிமீட்டரை ஒட்டியது. இரண்டும் சேர்ந்துதான் அக்கதவின் அகலம். நிலைக்கு உள்ளே பொருத்தும் திரைக்கு இவற்றுள் சிறியதையே கொள்ள வேண்டும். சுவரின்மேல் பொருத்தும் திரைக்குப் பெரியதைக் கொண்டு, இருபுறமும் ஐந்து முதல் எட்டு சென்டிமீட்டர் கூட்ட வேண்டும். சராசரியைக் கொள்வது இரண்டுக்கும் உதவாது. உள்ளே பொருத்தும் திரை இரண்டு நூல் குறைந்தால் சிறு ஒளிக்கீற்று தோன்றும், அவ்வளவே. இரண்டு நூல் மிகுந்தால் அது நுழையவே நுழையாது. பிழைக்குத் திசை உண்டு. அந்தத் திசையை முன்னரே தீர்மானித்துக்கொள்ளாமல் எத்துணை நுண்ணிய கருவியால் அளந்தாலும் பயனில்லை. பத்தில் ஒரு பங்கு மில்லிமீட்டர் காட்டும் ஒளிக்கதிர் அளவி தேவையில்லை. மூன்று இடத்தில் வைத்த சாதாரண நாடா போதும்.

மூன்று அகலங்களும் ஒத்திருந்தாலும் நிலை செவ்வகமாகிவிடாது. களிமண் நிலம் மழையில் பொருமி வெயிலில் சுருங்கும் இடங்களில் பழைய வீடுகளின் நிலைகள் ஒருபக்கமாகச் சாய்வதைக் காணலாம். அகலம் 900, உயரம் 2,100 மில்லிமீட்டர் உள்ள நிலையின் தலை மட்டும் 6 மில்லிமீட்டர் வலப்புறம் நகர்ந்திருக்கட்டும். எந்த மட்டத்தில் அளந்தாலும் அகலம் 900தான். ஆனால் திரை புவியீர்ப்புக்கு இணங்கி நேர்குத்தாகத் தொங்குவது. அதற்குக் கிடைப்பது 894 மட்டுமே. இந்தச் சாய்வை மூலைவிட்டங்கள் காட்டிக்கொடுக்கும்: ஒன்று மற்றதைவிட ஏறத்தாழ 4.7 மில்லிமீட்டர் நீண்டிருக்கும். இதன் மறுதலையும் உண்டு. மேலே குறுகிக் கீழே சமமாக இருபுறமும் விரிந்த நிலையில் மூலைவிட்டங்கள் இரண்டும் ஒத்திருக்கும். அங்கே அகலங்களே குறையைச் சொல்லும். ஆகவே இரண்டு சோதனையும் வேண்டும். தூக்குக்குண்டு ஒன்றைத் தலையிலிருந்து தொங்கவிட்டால் இவ்விரண்டையும் ஒரே பார்வையில் காணலாம்.

சுருள்திரைக்கு மட்டம் மிக முதன்மையானது. கடைகளில் ரோலர் பிளைண்ட் என்று வழங்கும் இத்திரையின் உருளை 900 மில்லிமீட்டரில் 2 மில்லிமீட்டர் சரிந்திருந்தால், துணி சுருளும்போது ஒவ்வொரு சுற்றிலும் சிறிது பக்கவாட்டில் நகரும். 2,100 மில்லிமீட்டர் துணி முழுவதும் சுருண்டு முடிகையில் நகர்வு 4.7 மில்லிமீட்டர் ஆகிவிடும். விளிம்பு தாங்கியில் உரசி, நாளடைவில் நூல் பிரியும். துணியைக் குறைசொல்லி மாற்றுவோர் பலர். உருளையின்மேல் ரசமட்டம் வைத்துப் பார்த்தால் ஒரு சிறு அட்டைத்துண்டால் தீரும் குறை அது. சுருள்திரையில் இன்னொன்றும் கருத்தில் கொள்ளத்தக்கது: தாங்கிகள் இடம் பிடிப்பதால் துணி எப்போதும் மொத்த அகலத்தைவிடக் குறுகியது. ஆதலால் அளவுத்தாளில் எழுதுவது திறப்பின் அளவா, திரையின் அளவா என்று சொல்லால் குறிக்க வேண்டும். அளந்தவர் ஒருமுறை கழித்து, செய்பவர் மறுமுறை கழித்தால், இருபுறமும் வெயிலுக்கு வழி வைத்த திரை வந்து சேரும்.

கிடைப்பட்டைகளால் ஆன திரைக்குக் கணக்கு வேறு. பட்டையின் அகலம் 25 மில்லிமீட்டர், பட்டைகளின் இடைவெளி 21 மில்லிமீட்டர் எனில், பட்டைகள் கிடையாக இருக்கையிலேயே 40 பாகைக்கு மேற்பட்ட நேர்க்கதிர் உள்ளே வராது. மேற்குக் கதவில் ஏறத்தாழ மூன்றரை மணிவரை அவற்றைத் திறந்தே வைத்துக் காற்றும் வெளிச்சமும் பெறலாம். அதன்பின் திருப்பினால் போதும்.

கதவுக்கும் சன்னலுக்கும் ஒரு வேறுபாடு: கதவு நகரும். கண்ணாடிக் கதவின்மேலேயே திரை பொருத்துவதாயின் கைப்பிடி எவ்வளவு முன்னே நீண்டிருக்கிறது என்பதையும், திறந்த கதவு சுவரில் சாயும்போது திரைக்கு இடம் உண்டா என்பதையும் அளக்க வேண்டும். திரையின் அடிச்சட்டத்தைக் கதவோடு பிடித்துவைக்கக் கீழே கொக்கிகள் வேண்டும். இல்லையேல் ஒவ்வொரு திறப்பிலும் அது ஊசலாடிக் கண்ணாடியில் மோதும். சதுப்புநிலத்தின் அருகே கொசுவலைச் சட்டமும் அதே நிலையில் இருக்கும். அதன் தடிப்பைக் கழித்த பின் எஞ்சும் ஆழமே திரைக்கு உரியது.

மரத்துக்கு மழைக்காலத்தில் ஓர் அளவு, கோடையில் ஓர் அளவு. தேக்கின் ஈரம் நூற்றுக்கு நான்கு கூடினால், இழைக்குக் குறுக்கே அது நூற்றுக்கு 0.8 அளவுக்கு விரியக்கூடும். நூறு மில்லிமீட்டர் தடித்த நிலைச்சட்டம் பக்கத்துக்கு 0.8 மில்லிமீட்டர் பருத்தால், திறப்பு 1.6 மில்லிமீட்டர் குறுகும். இழையின் நெடுக்கில் மாற்றம் மிக மிகச் சிறிது. மூங்கில் தட்டியில் பிளாச்சுகள் கிடையாகக் கோக்கப்பட்டிருப்பதால் அதன் அகலம் ஐப்பசியிலும் வைகாசியிலும் ஒன்றே. ஆனால் நிலையின் திறப்பு மழைக்காலத்தில் குறுகுவதால், சித்திரையில் அளந்து நிலைக்குள் இறுகப் பொருத்திய மரச்சட்டத் திரை கார்த்திகையில் சிக்கிக்கொள்ளும். பக்கத்துக்கு ஒரு நூல் விட்டால் சிக்காது.

திரையை இழுக்கும் கயிறும் அளவில் அடங்கும். வளையமாகத் தொங்கும் கயிறு குழந்தையின் கழுத்தில் மாட்டி உயிர் போக்கிய நேர்ச்சிகள் பல நாடுகளில் நடந்துள்ளன. தரையிலிருந்து ஒன்றரை மீட்டருக்குக் குறையாத உயரத்தில் கயிற்றைச் சுற்றிவைக்கும் கொக்கி இருக்க வேண்டும். கட்டிலோ நாற்காலியோ அதன் அடியில் இருத்தல் ஆகாது. கயிறே இல்லாத திரை கிடைக்குமாயின் குழந்தையுள்ள வீட்டில் வேறொன்றை எண்ண வேண்டியதில்லை.

வெளிப்புறத் தட்டி வெப்பத்துக்கு மேலானது என்றேன். அதற்கு ஒரு பகை உண்டு, அது காற்று. 2016 டிசம்பர் 12இல் வர்தா புயல் சென்னைப் பகுதியைக் கடந்ததை இங்குள்ளோர் மறந்திருக்க மாட்டார்கள். காற்றின் அழுத்தம் அதன் வேகத்தின் இருபடிக்கேற்ப உயர்வது. நொடிக்கு 30 மீட்டர் வேகத்தில் ஒரு சதுர மீட்டருக்கு 540 நியூட்டன். 90க்கு 210 சென்டிமீட்டர் தட்டியின்மேல் இது நூறு கிலோ எடைக்கு இணையான தள்ளுவிசை. இந்தியத் தரவரையறை சென்னைக்கு வகுத்துள்ள அடிப்படைக் காற்றுவேகம் நொடிக்கு 50 மீட்டர். அவ்வேகத்தில் விசை 290 கிலோ எடையை நெருங்கும். ஏழாம் மாடியில் இரண்டு ஆணியில் தொங்கும் தட்டி அதைத் தாங்காது. கீழே செல்வோர்மேல் விழும். ஆகவே வெளித்தட்டியை நிலையாக அறைந்துவிடாமல் கொக்கியில் மாட்டும்படி அமைக்க வேண்டும். புயல் அறிவிப்பு வந்த அன்றே ஒருவர் தனியாக, உள்ளே நின்றபடி, கழற்றிச் சுருட்டி எடுக்க இயல வேண்டும். அதற்கு மேற்சட்டத்துக்கும் நிழல்தட்டின் அடிப்பகுதிக்கும் இடையே, சட்டத்தைத் தூக்கிக் கொக்கியிலிருந்து விடுவிக்கும் அளவு இடம் தேவை. கொக்கியின் உயரத்தோடு இரண்டு சென்டிமீட்டர் கூட்டி, அந்த எண்ணையும் அகல உயரங்களுக்குக் கீழே அளவுத்தாளில் எழுதிக் கொடுக்க வேண்டும்.